தூண்களுக்குக் கீழே: ஆம்பூர் வட்டார வீடுகளும் அடுக்ககங்களும்

ஆம்பூரில் நம் உறவினர் குடியிருக்கும் அடுக்ககம் ஒன்றில் சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மூதாட்டி மௌத்தானார். வீடு நான்காம் மாடி. மின்தூக்கி நான்கு பேர் நெருக்கி நிற்கும் அளவே உடையது; மையித்தைக் கிடத்தி இறக்க இயலாது. வீட்டுக் குளியலறையோ ஒருவர் திரும்பி நிற்கவே போதாதது. எனவே போர்வையில் ஏந்திப் படிவழியே இறக்கித் தரைத்தளத்தில் குளிப்பாட்டுவதென முடிவாயிற்று. தரைத்தளம் என்றால் வெறும் தூண்கள். தூண்களுக்கு நடுவே கார்கள். காவலாளி வீடுவீடாக ஏறி, "வண்டியைக் கொஞ்சம் எடுங்க பாய்" என்று கேட்டுவந்தார். ஒரு காரின் சொந்தக்காரர் சென்னையில் இருந்தார், சாவியும் அவரிடமே. கடைசியில் மூன்று தூண்களிலும் அந்தக் காரின் கதவுப் பிடியிலுமாகப் புடவைகளைக் கட்டி மறைப்பு எழுப்பினர். பெண்கள் உள்ளே நின்று குளிப்பாட்டிக் கபனிட்டனர். ஆண்கள் தெருவில் வெயிலில் நின்றோம்.

அன்று அக்கட்டடத்தார் எவரும் குறைவைக்கவில்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். மேல்மாடிக்காரர் தண்ணீர் சுடவைத்துக் கொடுத்தார்; எதிர்வீட்டில் மூன்று நாள் சோறு சமைத்து அனுப்பினர். மனிதர்கள் பழையபடியே இருந்தனர்; இடந்தான் இல்லை. அடுக்ககம் வந்ததால் அண்டைவீட்டு உறவு அற்றுப்போயிற்று என்று மேடைதோறும் கேட்கும் புலம்பல் நமக்கு முழு உண்மையாகப் படவில்லை. அற்றுப்போனது எது என்பதைத் துல்லியமாகக் கண்டால்தான் மீட்கக்கூடியது எது என்பதும் தெரியும். இக்கட்டுரை அந்தத் தூண்களின் வரலாற்றைத் தேடிச் சென்றதன் விளைவு.

பழைய வீட்டிலிருந்து தொடங்குவோம். 1856இல் சென்னை இராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை இருப்புப்பாதை அமைந்து, பின்னர் மேற்கே நீண்டபோது, பாலாற்றங்கரை ஊர்களில் ஆவாரம்பட்டை கொண்டு பதனிட்ட தோல் சென்னைப் பெரியமேட்டுச் சந்தை வழியாகக் கடல்கடந்தது. அந்தச் செல்வம் ஆம்பூரிலும் வாணியம்பாடியிலும் பேரணாம்பட்டிலும் மேல்விஷாரத்திலும் வீடுகளாக எழுந்தது. பள்ளிவாசலை ஒட்டிய தெருக்களில் சுவரோடு சுவராக நெருங்கிய வீடுகள். தெருப்பக்கம் திண்ணை, அதையடுத்து ஆண்கள் அமரும் கூடம், அதற்கப்பால் வானம் பார்த்த முற்றம், முற்றத்தைச் சூழப் பெண்களின் அறைகளும் அடுக்களையும், பின்கட்டில் கிணறு. உருது பேசும் குடும்பங்கள் முற்றத்தை ஸெஹன் என்றும் அதை ஒட்டிய தாழ்வாரத்தைத் தாலான் என்றும் வழங்கின. பின்கட்டிலிருந்து பக்கத்து வீட்டுக்கு ஒரு சிறு கதவு இருக்கும். நாம் சிறுவராயிருந்த காலத்தில், தெருவில் காலடி வைக்காமலே நான்கைந்து வீடுகளைப் பின்வழியே கடந்துவிடும் பெண்களைக் கண்டிருக்கிறோம். பிறப்பு, நிக்காஹ், மௌத்து ஆகிய மூன்றுக்கும் அந்த வீடு தன்னைத்தானே மாற்றியமைத்துக்கொள்ளும். முற்றத்தில் பந்தல் இட்டால் மணவீடு. ஒரு பலகையிட்டுச் சுற்றித் துணி கட்டினால் குளிப்பாட்டுமிடம். திண்ணையில் துக்கம் கேட்க வந்தோர் அமர்வர்.

இந்த அமைப்பு வெறும் பழக்கத்தால் வந்ததன்று. ஹனஃபி ஃபிக்ஹைத் தழுவி அஹ்மத் ஜெவ்தத் பாஷா தலைமையிலான குழு 1869 முதல் 1876 வரை தொகுத்த உதுமானியச் சட்டநூலான 'மஜல்லா', அண்டைவீட்டார் ஒருவருக்கொருவர் விளைவிக்கக்கூடாத தீங்குகளை வகுக்கும்போது, பெண்கள் புழங்கும் இடங்களை எட்டிப்பார்க்கச் செய்யும் திறப்பைப் பெருந்தீங்கென்று கணிக்கிறது. அத்தகைய இடங்களுக்கு அது காட்டும் எடுத்துக்காட்டுகள் அடுக்களை, கிணற்றடி, முற்றம் என்பனவாம். இஸ்தான்பூலில் அமர்ந்து எழுதியோர் ஆம்பூர் வீட்டை நேரில் கண்டு எழுதியதுபோல் இருக்கிறது! பதினான்காம் நூற்றாண்டில் தூனிஸ் நகரில் வாழ்ந்த கட்டடக் கலைஞர் இப்னு அர்-ராமி, மாலிக்கி மத்ஹபின் தீர்ப்புகளைத் திரட்டிய நூலில் இதே வினாக்களை இன்னும் விரிவாக ஆராய்கிறார். அங்கே 'ஃபினா' என்றொரு கருத்து வருகிறது. வீட்டு வாசலுக்கு வெளியே, சுவரை ஒட்டிய இடம் அது. வீட்டார் அதைப் புழங்கலாம். ஆனால் தெருவை அடைக்க இயலாது. முழுக்க ஒருவருக்குச் சொந்தமுமன்று, முழுக்கப் பொதுவுமன்று. நம் திண்ணையும் அதன் முன்னுள்ள நடையும் அவ்வகையினவே. துக்கம் விசாரிப்பது, பிணக்குத் தீர்ப்பது, இஃப்தார் நேரத்தில் கஞ்சிக் கலயம் கைமாறுவது எல்லாம் அந்த இடைநிலை இடத்தில்தான் நடந்தன.

இந்த வணிகர்கள் தம் வீட்டோடு நின்றுவிடவில்லை. மேல்விஷாரம் சி. அப்துல் ஹக்கீம் சென்னை சென்ட்ரல் நிலையத்துக்கு அருகில் வழிப்போக்கர் தங்க எழுப்பிய சித்தீக் சராய் இன்றும் பெயர் சொல்கிறது. ஆம்பூர்த் தோல் வணிகர் காக்கா முஹம்மது உமர் 1924இல் உமராபாத்தில் ஜாமிஆ தாருஸ்ஸலாமை நிறுவினார். பொது இடம் ஒன்று வேண்டுமென்றால் கையிலிருந்து கொடுத்துக் கட்டுவது அத்தலைமுறையின் இயல்பாக இருந்தது. அந்தச் செல்வத்தைத் தோல் தொட்டிகளில் காலூன்றி நின்று விளைவித்த தொழிலாளர் பெரும்பாலும் தலித் மக்கள் என்பதையும், அவர்களுடைய குடியிருப்புகள் ஊரின் மறுகோடியில் திண்ணையும் முற்றமும் இன்றியே இருந்தன என்பதையும் மறைத்துவிட்டு, பழைய வீட்டின் பெருமையைப் பாடுவது நேர்மையாகாது.

அவ்வீடுகள் ஏன் இடிந்தன? பலரும் நாகரிக மோகத்தைக் காரணம் காட்டுவர். நாம் கண்டவரையில் முதற்காரணம் பாகப்பிரிவினை. ஒரு பெரிய வீடு. வாரிசுகள் ஒன்பது பேர். ஆண் மக்களில் இருவர் பெரியமேட்டில், ஒருவர் துபாயில். ஃபராயிள் கணக்குப்படி பங்குகளைத் தாளில் பிரித்துவிடலாம்; முற்றத்தை எப்படிப் பிரிப்பது? பல குடும்பங்களில் அண்ணன் தம்பிமார் வீட்டிலேயே இருந்துகொள்ள, சகோதரிகளின் பங்கு பேச்சளவில் நின்றுவிட்டது. கட்டுநர் ஒருவர் வந்து மனையை வாங்கிக்கொண்டு, ஈடாகச் சில வீடுகளைத் தருகிறேன் என்றபோதுதான், மகளின் பங்கு அவள் பெயரில் பதிவான ஒரு கதவாகவும் ஒரு சாவியாகவும் கைக்கு வந்தது. கணவனை இழந்த பெண்கள் மூவர் ஒரே கட்டடத்தில் தத்தம் சொந்த வீட்டில் வாழ்வதை நாம் அறிவோம். அவர்களில் எவரும் பழைய வீட்டுக்காக ஏங்குவதாகச் சொல்லக் கேட்டதில்லை. ஏங்குவோரெல்லாம் பெரும்பாலும் திண்ணையில் அமர்ந்திருந்த ஆண்களே.

இரண்டாவது காரணம் தண்ணீர். 1972இல் சீதாராமய்யா குழு அறிக்கையை அடுத்து அரைப்பதத் தோலின் ஏற்றுமதிக்குக் கட்டுப்பாடு வந்தது. முழுமையாக முடித்த தோலுக்கும் பின்னர்க் காலணித் தொழிற்சாலைகளுக்கும் வட்டாரம் மாறிற்று. பட்டைப் பதனீட்டின் இடத்தைக் குரோமியம் பிடித்தது. உப்பும் குரோமியமும் பாலாற்று மணலுக்குள் இறங்கிக் கிணறுகளைக் கெடுத்தன. வேலூர்க் குடிமக்கள் நலமன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்டு 28 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு சட்ட மாணவர் அனைவரும் பயில்வது. அத்தீர்ப்பில் இடம்பெறாத இழப்பு ஒன்றுண்டு. கிணற்று நீர் வாயில் வைக்க இயலாததானபோது, கிணற்றடியும் பேச்சற்றுப் போயிற்று. மஜல்லா காக்க முனைந்த மூன்று இடங்களில் ஒன்றை நம் தொழிலே அழித்தது. கட்டடக் கலைஞர் எவரும் அதற்குப் பொறுப்பல்லர்.

இனித் தூண்களுக்கு வருவோம். வீட்டைத் தரையிலிருந்து பெயர்த்துத் தூண்களின்மேல் நிறுத்தும் சிந்தனையை ஒரு கொள்கையாக வகுத்தவர் சுவிட்சர்லாந்தில் பிறந்து பிரான்சில் வாழ்ந்த லெ கொர்புசியே. 1920களில் அவர் அறிவித்த ஐந்து நெறிகளில் முதன்மையானது அது. நிலம் எவருடைய வீட்டாலும் அடைபடாமல் அனைவரும் நடமாடத் திறந்திருக்க வேண்டும் என்பது அவர் கருத்து. மார்செய் நகரில் 1952இல் அவர் கட்டிமுடித்த மாபெரும் குடியிருப்பில் 337 வீடுகள். கட்டடம் முழுவதும் பருத்த தூண்களின்மேல் நிற்கிறது. கடைத்தெரு நடு மாடியில், குழந்தைகள் பள்ளி மொட்டைமாடியில். ஊர் ஒன்றைச் செங்குத்தாக நிறுத்திப் பார்த்த முயற்சி அது. உலகெங்கும் பின்வந்தோர் தூண்களை எடுத்துக்கொண்டனர். கடைத்தெருவையும் பள்ளியையும் பெரும்பாலோர் விட்டுவிட்டனர்.

அவருடன் பணியாற்றியோர் சிலர் முஸ்லிம் குடும்பங்களுக்காகவே அடுக்ககம் கட்ட நேர்ந்ததை நம் வாசகர் அறிதல் நன்று. பிரெஞ்சு ஆட்சியின் இறுதியாண்டுகளில் மொரோக்கோவின் காசாபிளாங்காவில், நாட்டுப்புறத்திலிருந்து வந்து குடிசைகளில் நெருங்கிய தொழிலாளர்க்கென, ஜார்ஜ் கந்திலிஸ், ஷாட்ராக் வுட்ஸ் முதலியோர் 1950களின் தொடக்கத்தில் சில கட்டடங்களை எழுப்பினர். மொரோக்கோ வீட்டின் உயிர் முற்றமே என்று உணர்ந்த அவர்கள், ஒவ்வொரு மாடி வீட்டுக்கும் உயர்ந்த சுவர் சூழ்ந்த ஒரு முற்றத்தைத் தொங்கவிட்டனர். வானம் தெரியும், அண்டைவீட்டார் கண் படாது. தேனடை என்று பெயர்பெற்ற அக்கட்டடத்தின் படம் கட்டடக்கலை நூல்களில் தவறாமல் இடம்பெறும். ஆயின் இன்று சென்று காண்போர்க்கு அந்த முற்றங்கள் தென்படா. குடும்பம் பெருகப் பெருக, குடியிருந்தோர் அவற்றின் திறப்புகளை அடைத்து அறைகளாக்கிக்கொண்டனர். அறிஞர்கள் இதைத் தோல்வி என்றும், மக்களின் படைப்பாற்றல் என்றும் இருவகையாக எழுதியுள்ளனர். நமக்கு அதில் தெரிவது வேறு. தனி வீட்டுக்குள் அடங்கிய முற்றம், நெருக்கடி வந்தால், அறையாகவே முடியும். ஆம்பூர் அடுக்ககங்களில் பால்கனிகளுக்குக் கண்ணாடி பொருத்திப் படிப்பறை ஆக்குவதும் இதே கதை. நிலைத்து நிற்கக்கூடியது எவர் ஒருவருக்கும் தனியே உரிமையாகாத இடந்தான்.

அத்தகைய இடம் அடுக்ககத்தில் அமைய முடியுமா? தமிழ் முஸ்லிம்கள் வாழ்ந்து பார்த்த ஊர் ஒன்று இவ்வினாவுக்கு விடை வைத்திருக்கிறது. அது சிங்கப்பூர். நம் தோல் வட்டாரத்தாரைவிடக் கடையநல்லூர், தென்காசி மக்களுக்கே அவ்வூருடன் நெருக்கம் மிகுதி. தஞ்சோங் பகார்ப் பகுதியில் அவர்கள் செறிந்து வாழ்ந்தனர். 1941இல் கடையநல்லூர் முஸ்லிம் லீக்கைத் தோற்றுவித்தனர். 1946இல் உமறுப் புலவர் பெயரால் ஒரு தமிழ்ப் பள்ளி கண்டனர். 1960 பிப்ரவரியில் அங்கே வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் அமைந்தது. மறு ஆண்டு மே 25 அன்று புக்கிட் ஹோ சுவீயில் பரவிய தீ ஏறத்தாழ 16,000 பேரின் குடிசைகளைக் கொண்டுபோயிற்று. அதன்பின் கழகம் கட்டிய வேகம் உலகறிந்தது. கம்பங்களும் கடைவீடுகளும் மறைய, தமிழ் முஸ்லிம் குடும்பங்களும் புதிய நகர்களின் மாடிகளில் சிதறின. 1989இல் வந்த இன ஒதுக்கீட்டு விதி, ஒரு வட்டாரத்தில் இந்தியரும் பிற இனத்தாரும் சேர்ந்து 10 விழுக்காட்டுக்கும், ஒரு கட்டடத்தில் 13 விழுக்காட்டுக்கும் மேற்படக் கூடாதென வரம்பிட்டது (2010இல் இது சற்று உயர்த்தப்பட்டது). தஞ்சோங் பகார் போன்றதொரு தெரு மீண்டும் தோன்ற வழியில்லை.

இத்தனை சிதறலுக்குப் பின்னும் அங்கே கூட்டு வாழ்வு பிழைத்ததற்குத் தரைத்தளம் ஒரு காரணம். 1970களிலிருந்து கழகக் கட்டடங்களின் தரைத்தளத்தைத் தூண்களோடு வெறுமையாக விடுவது வழக்கமாயிற்று. வெற்றுத்தளம் என்றே அதை அழைக்கின்றனர். கார்களுக்கு வேறிடம் ஒதுக்கப்பட்டது. மலாய்க் குடும்பத்தார் அங்கே பந்தலிட்டு, கொம்பாங் பறை முழங்க நிக்காஹ் விருந்து நடத்துவர். அடுத்த வாரம் அதே தூண்களுக்கிடையே ஒரு சீனர் வீட்டு ஈமச்சடங்கு பல நாள் நடக்கும். மற்ற நாள்களில் முதியோர் சதுரங்கம் ஆடுவர், பிள்ளைகள் பந்துதைப்பர். நகர மன்றத்தில் அனுமதி பெற்றால் போதும். பள்ளிவாசலுக்கும் வழி காணப்பட்டது. 1975இல் முஸ்லிம் ஊழியரின் மாத ஊதியத்திலிருந்து சிறு தொகை பிடித்துச் சேர்க்கும் பள்ளிவாசல் கட்டட நிதி தொடங்கிற்று. அதன் முதற்கனியாக 1977இல் தோ பாயோவில் முஹாஜிரீன் பள்ளி எழுந்தது. பெயரே ஒரு வரலாறு. கம்பத்தை விட்டு மாடிக்கு வந்தோர் அங்கே தம்மை முஹாஜிர்களாகவே உணர்ந்தனர் போலும்.

சிங்கப்பூரைப் புகழ்ந்துவிட்டு நகர்ந்துவிட விருப்பமில்லை. அங்குள்ள பழைய நீள்கட்டடங்களில் மின்தூக்கி சில மாடிகளில் மட்டுமே நின்றது. எல்லா மாடியிலும் நிற்கச் செய்யும் திட்டம் 2001இல்தான் வந்தது. அதுவரை ஜனாஸாவை இரண்டு மூன்று மாடி படிகளில் தோள்மேல் இறக்கிய அனுபவம் அங்குள்ளோர்க்கும் உண்டு. ஒதுக்கீட்டு விதியால் சிறுபான்மையினர் தம் வீட்டை விற்கையில் வாங்குவோர் வட்டம் சுருங்கிப்போகும் குறையும் பேசப்படுகிறது. புதிய கட்டடங்களில் வெற்றுத்தளம் சுருங்கி, தனியே ஒரு கூடாரம் பல கட்டடங்களுக்குப் பொதுவாக அமைகிறது. எனினும் ஒன்று உறுதி. ஜனாஸாவை இறக்கியவர்களுக்கு, இறக்கி வைக்க இடம் இருந்தது.

ஆம்பூர்த் தூணும் தோ பாயோத் தூணும் ஒரே வமிசம். பின் ஏன் ஒன்றன்கீழ் விருந்து, மற்றொன்றன்கீழ் கார்? நிலம் அங்கே அரசுடையது, இங்கே தனியாருடையது என்பது பெரிய விடை. சிறிய விடை நம் கட்டட விதிகளில் இருக்கிறது. தரைத்தளத்தைத் தூண்களின்மேல் உயர்த்தி வாகன நிறுத்தத்துக்கு விட்டால், அப்பரப்பு தளப்பரப்புக் குறியீட்டுக் கணக்கில் சேர்வதில்லை. 2019இன் தமிழ்நாடு ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகளும் இவ்வாறே கூறுகின்றன. தெருவில் வாகன நெரிசல் குறையவேண்டும் என்ற நல்ல நோக்கந்தான். ஆனால் கட்டுநர் பார்வையில், தூண்களுக்குக் கீழே காரைத் தவிர வேறொன்றை நினைத்துப்பார்க்கக் காரணமே இல்லாமற் போயிற்று. வாங்குவோரும் கேட்பதில்லை. அறைகள் எத்தனை, கிப்லா எந்தப் பக்கம், கார் நிறுத்த இடம் உண்டா என்று கேட்கிறோம். மையித்தை எங்கே குளிப்பாட்டுவது என்று வீடு வாங்கும் நாளில் கேட்க எவருக்கு மனம் வரும்?

ஆயினும் அந்தத் தளம் யாருடையது என்ற வினா சட்டத்தில் தெளிவாகவே இருக்கிறது. தூண்தளத்து வாகன இடம் வீடுகளின் பொதுப்பகுதியே. அதைக் கட்டுநர் தனியே விலைக்கு விற்க உரிமையில்லை என்று 2010இல் மகாராட்டிரச் சட்டம் தொடர்பான ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தமிழ்நாட்டில் 1994ஆம் ஆண்டின் அடுக்கக உரிமைச் சட்டமும் அதற்கு மாற்றாக 2022இல் இயற்றப்பட்ட சட்டமும் பொதுப்பகுதிகளைப் பிரிக்கக்கூடாத உடைமை என்றே கொள்கின்றன. நம் கிரயப் பத்திரங்களிலேயே ஒவ்வொருவருக்கும் மனையில் 'பிரிபடாத பாகம்' இத்தனை சதுர அடி என்று எழுதப்பட்டிருக்கிறது. ஃபிக்ஹு மொழியில் இது முஷாஃ, அதாவது கூட்டுடைமை. இங்கே ஒரு நுட்பம் உண்டு. ஹனஃபி மத்ஹபில் ஷுஃப்ஆ என்னும் முன்வாங்கும் உரிமை முதலில் கூட்டாளிக்கும், அடுத்து வழி, நீர் போன்ற உரிமைகளில் பங்காளிக்கும், மூன்றாவதாகவே ஒட்டிய அண்டைவீட்டாருக்கும் சேரும். பழைய தெருவில் சுவரை ஒட்டியவர் மூன்றாம் படியில் நின்றார். அடுக்ககத்திலோ, நான்காம் மாடிக்காரரும் முதல் மாடிக்காரரும் ஒரே நிலத்தின் பாகஸ்தர். படியிலும் நீர்த்தொட்டியிலும் பங்காளிகள். மேல்தளத்தாருக்குக் கீழ்த்தளத்தின் தாங்குதலும், கீழ்த்தளத்தாருக்கு மேல்தளத்தின் நிழலும் உரிமை என்று மஜல்லா சொல்வதையும் இதனோடு வைத்து எண்ண வேண்டும். நெருக்கம் குறைந்துவிட்டது என்று நாம் புலம்பும் கட்டடம், உரிமைக் கணக்கில் நம்மை முன்னைவிட நெருங்கியவர்களாக்கி இருக்கிறது! இன்றைய அடுக்ககத்துக்கு ஷுஃப்ஆ எவ்வளவு பொருந்தும், பொதுத்தளத்தில் ஒருவர் தம் வண்டியை நிரந்தரமாக நிறுத்தி வைப்பதன் நிலை என்ன என்பன வேலூர் பாக்கியாத்துஸ் ஸாலிஹாத்திலும் உமராபாத்திலும் உள்ள உலமாக்கள் ஆய்ந்து கூறத்தக்கவை. நாம் வினாவை மட்டும் அவர்கள்முன் வைக்கிறோம்.

2011 கணக்கெடுப்பில் ஆம்பூரின் மக்கள்தொகை ஒரு லட்சத்துப் பதினான்காயிரம். ஊர் மேலும் மாடிகளாகவே வளரும். வரவிருக்கும் கட்டடங்களில் மூன்று கார் நிறுத்தும் அகலமுள்ள இடம், ஒரு குழாய், நீர் வழிந்தோட ஒரு கால்வாய், மறைப்புக் கட்ட நான்கு கொக்கி ஆகியவற்றை வரைபடத்திலேயே கேட்டுப் பெறுவது பெருஞ்செலவன்று. ஜமாஅத்துகள் நிக்காஹ் பதிவுக்குச் சான்று கேட்பதுபோல் இதையும் கட்டுநரிடம் கேட்கலாம். அங்கே பெண்கள் மாலையில் அமர்வர். இஃப்தார் விரிப்பு விரியும். ஓதும் பிள்ளைகள் ஓதுவர். ஆளில்லாத நேரத்தில் கார் நின்றுவிட்டுப் போகட்டும்.

முதலில் குறித்த அடுக்ககத்தில், அந்த மௌத்துக்குப் பின் குடியிருப்போர் கூட்டம் ஒன்று நடந்தது. படிக்கட்டுக்கு அருகிலுள்ள வாகன இடம் ஒன்றைக் காலியாக விடவேண்டும் என்று ஒரு பெண்மணி எழுந்து சொன்னார். யாருடைய இடம் என்பதில் பேச்சு நீண்டது. சென்னையிலிருந்து வந்திருந்த அந்தக் காரின் சொந்தக்காரர், தம் வண்டியின் கதவுப் பிடியில் புடவை கட்டிய சேதியை அன்றுதான் கேட்டறிந்தார். சற்று நேரம் ஒன்றும் பேசாதிருந்துவிட்டு, தம் சாவியின் மறுபடியைக் காவலாளியிடம் கொடுத்துவிட்டுச் சென்றார். இடம் இன்னும் ஒதுக்கப்படவில்லை; சாவி காவலாளி அறையில் ஆணியில் தொங்குகிறது.